ஒரு இலக்கம் காத்த வீடு

நாங்கள் சிரம்பான் பக்கம் மம்பாவில் இருக்கிறோம். என் கணவர் முனியாண்டி, சுவா பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவர். அங்கே லோரி ஓட்டிய இன்னொரு முனியாண்டியும் இருந்தார். இருவருக்கும் அப்பா பெயர் கருப்பன். லோரி முனியாண்டி கட்டாத கடனுக்குக் கடிதங்கள் எங்கள் வீட்டுக்கே வரும்.

"அது லோரி முனியாண்டிக்கு வந்தது லா, தூக்கிப் போடு" என்பார் இவர். நானும் போட்டுவிடுவேன். லோரி முனியாண்டி என்றால் தோட்டத்துக்குத் தெரியும், நீதிமன்றத்துக்குத் தெரியுமா?

ஒருநாள் எங்கள் கேட்டில் லேலாங் நோட்டீஸ். வீடு ஏலத்துக்கு வருகிறதாம்! நோட்டீஸை எடுத்துக்கொண்டு ஒரு வக்கீலம்மாவிடம் ஓடினேன்.

வக்கீலம்மா ஏலத்தை எதிர்த்து மனுப் போட்டார். சிரம்பான் நீதிமன்றத்தில் நீதிபதி, கடன் வாங்கியவரின் ஐசி, அதாவது அடையாள அட்டை எண்ணையும் இவருடையதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வாசித்தார். இரண்டாவது இலக்கமே வேறாக இருக்க, அங்கேயே நிறுத்தி நிமிர்ந்தார்.

"இவர் அவரில்லை. ஏலம் ரத்து."

கோயிலில் திரை விலகும்போது உடம்பு சிலிர்க்குமே, அப்படிச் சிலிர்த்தது. எங்கள் ஆயுள் உழைப்பு ஒற்றை இலக்கத்தில் நின்றிருக்கிறது!

இப்போது எந்தக் கடிதத்தையும் தூக்கிப் போடுவதில்லை. ஐசி நகல் வைத்து, "இவர் அவரில்லை" என்று எழுதித் திருப்பி அனுப்புகிறேன். போன வாரம் லோரி முனியாண்டிக்கு வந்த கல்யாணப் பத்திரிகைக்கும் அப்படித்தான் எழுதினேன்.