பாடி வலி

போடிநாயக்கனூரில் மலைக்குப் போகிற ஜீப்புகள் வந்து நிற்கும் தெருவில், என் மருந்துக் கடைக்கு எதிரே மகாராணி அக்காவின் கடை இருக்கிறது. எட்டடிக் கடை. அதில் பாதி அவருடைய கணவர் வீரையாவுக்கு. அவர் பக்கம் லுங்கி, துண்டு, பனியன், மழைக்கு இடுப்பைச் சுற்றிக் கட்டுகிற பிளாஸ்டிக் தாள். அக்கா பக்கம் பெண்களின் உள்ளாடைகள். பின்மூலையில் ஒரு பழைய சேலை திரையாகத் தொங்கும். ஏலக்காய்த் தோட்டங்களில் காய் எடுத்துவிட்டு வரும் பெண்கள் மாலையில் ஜீப்பை விட்டு இறங்கியதும் அந்தத் தெரு ஒரு மணி நேரத்துக்கு அவர்களுடையதாகிவிடும்.

அவர்களில் நாற்பதைத் தாண்டிய யாரும் பிரா என்று கேட்டு நான் பார்த்ததில்லை. பாடி என்றுதான் கேட்பார்கள். பெண்கள் ரவிக்கைக்குள் போட்ட கச்சைக்கு இங்கிலீஷில் இருந்த பாடிஸ் என்ற பேர்தான் வாய்க்கு வாய் மாறி பாடி ஆனது என்று படித்தவர்கள் சொல்வதுண்டு. லாரிக்கும் பாடி உண்டு. ஜிம்முக்குப் போகிற பையன்களுக்கும் பாடி உண்டு. ஆஸ்பத்திரியில் செத்தவரைக்கூட பாடி என்றுதான் சொல்கிறார்கள். ஆனால் அக்காவிடம் வருகிறவர்களுக்கு அந்த வார்த்தைக்கு ஒரே அர்த்தம்தான். ஆண்கள் யாராவது பக்கத்தில் நின்றால் அதுவும் போய்விடும். "அக்கா, அதுல முப்பத்தாறு இருக்கா?" என்பார்கள்.

மகாராணி அக்காவுக்குப் பிறந்த ஊர் தேவாரம். கல்யாணமாகி போடிக்கு வந்தபோது வீரையா அண்ணன் தோளில் துணி மூட்டையோடு ஜீப் நிற்கும் இடத்தில் நின்று விற்றுக்கொண்டிருந்தார். ஒரு பெண் மூன்று நாளாக வந்து துண்டுகளைப் புரட்டிப் பார்ப்பதும் எதுவும் வாங்காமல் போவதுமாக இருந்தாளாம். மூன்றாம் நாள், "அண்ணே, வீட்டுல அக்கா இங்கிட்டு வரமாட்டாகளா?" என்று கேட்டுவிட்டாள். அவர் வீட்டில் வந்து சொன்னார். மறுநாள் அக்கா போய் நின்றார். அந்தப் பெண் காதருகே வந்து பாடி வேண்டும் என்றாள். அவளுக்குப் பின்னால் இன்னும் நான்கு பேர் நின்றார்கள்.

அடுத்த வாரமே இருவரும் மதுரைக்குப் போய்ச் சரக்கு எடுத்து வந்தார்கள். திரும்பும்போது பஸ்ஸில் பக்கத்தில் இருந்தவர் மூட்டையில் என்ன என்று கேட்டிருக்கிறார். வீரையா அண்ணன் "துண்டு" என்றாராம். அக்கா இதைச் சொல்லும்போதெல்லாம் அண்ணன் எழுந்து டீக்கடைக்குப் போய்விடுவார்.

வியாபாரத்தில் இறங்கிய பிறகுதான் அக்காவுக்குச் சில விஷயங்கள் தெரிந்தன. ஏலச்செடி தரையை ஒட்டி அடித்தூரில் காய்க்கும். நாள் முழுவதும் குனிந்தோ குத்தவைத்தோதான் எடுக்க வேண்டும். ஆனி, ஆடியில் மழை நிற்காது. அளவு சரியில்லாத பாடியை ஈரத்தோடு பத்து மணி நேரம் போட்டிருந்தால் விலாவில் தோல் உரிந்துவிடும். அதைத் துவைத்து, யார் கண்ணிலும் படக் கூடாதென்று சேலைக்கு அடியில் காயப் போடுவார்கள். அது காயவே காயாது.

"வெயில்ல போடு ஆத்தா. அது என்ன களவாண்ட பொருளா?" என்று அக்கா எத்தனையோ பேரைத் திட்டியிருக்கிறார்.

அளவு நாடா வாங்கியதும் திரையைக் கட்டியதும் அப்போதுதான். திரைக்குப் பின்னால் அளவெடுக்கப் போன பெண்கள் அளவை மட்டும் சொல்லிவிட்டு வரவில்லை. பால் கட்டியது, பிள்ளை நிற்காதது, புருஷன் அடித்தது எல்லாவற்றையும் அங்கே வைத்துத்தான் சொன்னார்கள். அக்கா எதையும் வெளியே கொண்டுவர மாட்டார். இருபது வருஷமாக எதிரே இருக்கும் எனக்கே மொக்கம்மாள் விஷயம் தவிர வேறொன்றும் தெரியாது. அதுவும் எனக்கு அதில் ஒரு பங்கு இருந்ததால் தெரிந்தது.

மொக்கம்மாள் பக்கத்து ஊரான சிலமலையைச் சேர்ந்தவள். அப்போது அவளுக்கு நாற்பத்தாறு வயது. கணவன் சோணை மூட்டை தூக்குகிறவர். ஐந்து வருஷத்துக்கு முன்னால், ஆவணி மாதம், அவள் அக்காவிடம் ஒரு பாடி வாங்கினாள். பத்து நாளில் திரும்ப வந்து இறுக்குகிறது என்றாள். உள்ளாடையைத் திருப்பி வாங்கும் வழக்கம் அக்காவுக்கு இல்லை. ஆனாலும் நாள்பட்ட வாடிக்கை என்பதால் ஒரு அளவு கூட்டிக் கொடுத்தார். ஐப்பசியில் அவள் மறுபடியும் வந்து நின்றாள்.

"இதுவும் சேரலக்கா. எடது பக்கம் மட்டும் உறுத்துது."

"அதென்ன எடது பக்கம் மட்டும்? டாக்டருட்டப் போனியா?"

"மூணு தடவ போயிட்டேன். பாடி வலிக்குதுன்னு சொன்னேன். மாத்திரை குடுத்தாரு. ஊசியும் போட்டாரு. கேக்கல."

அக்கா அவளிடமிருந்த சீட்டை வாங்கிக்கொண்டு நேராக என் கடைக்கு வந்தார்.

"வித்யா, இதுல என்ன வியாதின்னு எழுதியிருக்கு?"

நான் வாங்கிப் பார்த்தேன். "பாடி பெயின்னு இருக்குக்கா. மேலு வலி."

சொல்லிவிட்டு நிமிர்ந்தேன். அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கும் அப்போதுதான் உறைத்தது. காய் எடுக்கும் பருவத்தில் மலையிலிருந்து வருகிற பத்துப் பேரில் எட்டுப் பேருக்கு உடம்பெல்லாம் வலிக்கிற மேலு வலிதான். அந்த டாக்டர் மொக்கம்மாளையும் அப்படித்தான் எடுத்துக்கொண்டிருக்கிறார். அவள் சொன்னது உடம்பை அல்ல, உடம்பில் போடுவதை. மூன்று தடவையும் அந்த மாத்திரைகளை வெட்டிக் கொடுத்தவள் நான்தான். அந்தத் தெருவில் பாடி என்றால் என்னவென்று எனக்குத் தெரியாதா? சீட்டைப் பார்த்தேன், ஆளைப் பார்த்து எங்கே வலிக்கிறது என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை.

அக்கா சீட்டோடு திரும்பிப் போனார். மொக்கம்மாளைத் திரைக்குப் பின்னால் கூட்டிப் போனார்.

"கைய வச்சுக் காட்டு, எங்க?"

"இங்கனக்கா. உள்ள ஒரு காய் கெடக்கிற மாதிரி இருக்கு. மொதல்ல சின்னதா இருந்துச்சு. அமுக்குனா வலிக்கல. பாடி போட்டாத்தான் வலிக்குது."

இடது மார்பில் ஓரிடத்தில் தோல் உள்ளே இழுத்துக் குழிந்திருந்தது. அக்கா இத்தனை வருஷத்தில் எத்தனையோ பேரைப் பார்த்தவர். இப்படி ஒன்றைப் பார்த்ததில்லை. முகத்தில் எதையும் காட்டாமல், "நாளைக்குக் காலைல இங்க வா. நானும் டாக்டருட்ட வர்றேன்" என்றார்.

"நாளைக்கா? ஜீப்பு போயிரும்க்கா. கங்காணி பேர வெட்டிருவாரு."

"நீ ஒரு நாளு போகாட்டி மலை எறங்கி ஓடிறாது. வெரசா வந்துரு."

மறுநாள் நடந்தது அக்கா சொல்லித்தான் எனக்குத் தெரியும். பிறகு மொக்கம்மாள் தனியாகச் சொன்னபோதும் அது அப்படியேதான் இருந்தது. டாக்டர் இளைஞர். படித்து முடித்துச் சென்னையிலிருந்து வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. வெளியே இருபது பேர் காத்திருந்தார்கள்.

"சார், இவ பாடி வலிக்குதுன்னு மூணு தடவ உங்கட்ட வந்திருக்கா" என்றார் அக்கா.

"ஆமா. மாத்திரை கேக்கலையா?"

அக்கா பையைத் திறந்து, பேப்பரில் சுற்றி வைத்திருந்த வெள்ளை நூல்துணிப் பாடி ஒன்றை எடுத்து அவருடைய மேஜைமேல் விரித்து வைத்தார்.

"இதுக்குப் பேருதான் சார் பாடி. இத மாட்டுனா வலிக்குதுன்னுதான் இவ சொன்னா. நீங்க மேலு வலின்னு எடுத்துக்கிட்டீக. தப்பு யாரு மேலயும் இல்ல. இப்ப ஒருக்கா பாத்துருங்க."

அவர் அந்தத் துணியைப் பார்த்தாராம். பிறகு மொக்கம்மாளிடம், "ஏம்மா, கை வச்சுக் காட்டியிருக்கலாமே?" என்று கேட்டார்.

"வாசல்ல அம்புட்டு ஆம்பளைக நிக்கிறாக. நீங்களும் சின்னப் பிள்ளை. எப்படிக் காட்டுவேன்?" என்றாள் மொக்கம்மாள்.

அவர் எழுந்து கதவைச் சாத்தினார். நர்ஸைக் கூப்பிட்டார். பார்த்து முடித்ததும் அவர் குரல் தணிந்துவிட்டது. தேனி பெரியாஸ்பத்திரிக்குக் கடிதம் எழுதினார். அங்கே வேலை பார்க்கும் தனக்குத் தெரிந்த டாக்டரிடம் உடனே போனில் பேசினார். கிளம்பும்போது, "எங்க வீட்ல அம்மா இந்தத் துணிக்கு என்ன பேர் சொல்லுவாங்கன்னுகூட எனக்குத் தெரியாதும்மா. மன்னிச்சுக்கங்க" என்றார்.

அன்று சாயங்காலம் அவர் என் கடைக்கும் வந்தார். எதுவும் வாங்கவில்லை.

"உங்களுக்கு அந்த வார்த்தை தெரியும்தானே?" என்று கேட்டார்.

"தெரியும் சார்."

அவர் தலையை ஆட்டிவிட்டுத் தெருவில் இறங்கி நடந்தார்.

பரிசோதனை முடிவு வர இரண்டு வாரம் ஆயிற்று. புற்றுதான். ஆனால் அக்குளைத் தாண்டிப் பரவவில்லை. இடது மாரை எடுத்துவிட்டு மருந்து ஏற்றினால் பிழைத்துக்கொள்வாள் என்றார்கள். இதைச் சோணையிடம் சொல்ல வேண்டியிருந்தது. மொக்கம்மாளுக்கு வாய் வரவில்லை. கட்டி என்று மட்டும் சொல்லி வைத்திருந்தாள். சோணை குழம்பிப் போய் அக்கா கடைக்கு வந்தார்.

"என்ன கட்டிக்கா? எங்க கட்டி? கேட்டா அழுகுறா."

அக்கா அவரை ஸ்டூலில் உட்காரச் சொல்லி, சுற்றி வளைக்காமல் சொன்னார். "மாருல கட்டி. புத்துநோயி. எடது மார எடுக்கணும். எடுத்தா அவ இருப்பா."

சோணை தலையைக் குனிந்து உள்ளங்கையைத் தேய்த்துக்கொண்டே இருந்தார். பிறகு, "எடுக்கையில அவளுக்கு வலிக்குமாக்கா?" என்று கேட்டார்.

"மயக்கம் குடுத்துத்தான் எடுப்பாக. பெறகு வலிக்கும். நீ பக்கத்துல இரு."

இருந்தார். ஆபரேஷன் நாளிலிருந்து தையல் பிரிக்கும்வரை அவர் மூட்டை தூக்கப் போகவில்லை. வீரையா அண்ணன் இரண்டு நாளைக்கு ஒருமுறை தேனிக்குப் பஸ் ஏறிச் சோறு கொண்டுபோனார். மருந்து ஏற்றிய மாதங்களில் மொக்கம்மாளுக்கு முடி கொட்டியது, வாய் வெந்தது, ஏலக்காய் வாசம் பட்டாலே குமட்டியது. போடியில் அந்த வாசத்துக்கு எங்கே தப்பிப்பது? ஜன்னலைச் சாத்திக்கொண்டு படுத்திருந்தாள்.

முடி திரும்ப முளைக்க ஆரம்பித்தபோது அவள் அக்காவைப் பார்க்க வந்தாள். ஒரு பக்கம் தட்டையாக இருந்ததை மறைக்கத் துண்டை இழுத்துப் போர்த்தியிருந்தாள். அக்கா அதற்காகவே ஒன்று தைத்து வைத்திருந்தார். இடது பக்கம் உள்ளே பை வைத்த பாடி. பையில் முதலில் பஞ்சை வைத்தார். எடை இல்லாததால் அது கழுத்தை நோக்கி ஏறியது. அடுத்து, சின்னத் துணிப் பையில் கேழ்வரகை நிரப்பிச் சுற்றிலும் பஞ்சு வைத்தார். கனம் சரியாக நின்றது.

மொக்கம்மாள் திரைக்குப் பின்னாலிருந்து கேட்டாள்: "வேர்வை பட்டா மொளைச்சுருமாக்கா?"

"மொளைச்சா அறுத்துக் கூழு காச்சு."

உள்ளே இரண்டு பேரும் சிரித்த சிரிப்பு என் கடைவரை கேட்டது. ஆறு மாதமாக அந்தப் பெண்ணின் சிரிப்பை நான் கேட்டிருக்கவில்லை.

இடது கையால் கனமாக எதையும் தூக்கக் கூடாது, குனிந்து வேலை செய்யக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். அதனால் மொக்கம்மாள் மலைக்குப் போவதை விட்டுவிட்டு, ஊருக்குள்ளேயே ஏலக்காய் தரம் பிரிக்கும் இடத்தில் உட்கார்ந்து செய்கிற வேலைக்குப் போகிறாள். இப்போது அந்த வாசம் அவளுக்கு ஒன்றும் செய்வதில்லை.

அதற்குப் பிறகு அக்கா கடையில் ஒரு பழக்கம் வந்தது. உறுத்துகிறது, இறுக்குகிறது என்று யார் சொன்னாலும் அளவு மாற்றிக் கொடுப்பதற்கு முன்னால் எங்கே என்று கேட்பார். டாக்டரிடம் போகச் சொல்லும்போது, "அங்க போயி பாடின்னு சொல்லாத. மாருன்னு சொல்லு. வெக்கமா இருந்தா கைய வச்சுக் காட்டு" என்று இரண்டு தடவை சொல்லுவார். நானும் சீட்டை வாங்கினால் முதலில் ஆளைத்தான் பார்க்கிறேன்.

போன வருஷம் குரங்கணியில் பெண்களுக்கு ஒரு மருத்துவ முகாம் போட்டார்கள். அந்த டாக்டர் அதற்குள் வேறு ஊருக்குப் போயிருந்தார். போகும்போது தன்னோடு வேலை பார்த்த நர்ஸிடம் அக்காவைப் பற்றிச் சொல்லியிருந்தார் போலிருக்கிறது. நர்ஸ் வந்து அக்காவை மைக்கில் பேசக் கூப்பிட்டார்.

"மைக்குல என்னத்தப் பேச? ஆம்பளைகளும் கேட்டுக்கிட்டு நிப்பாக. ஒருத்தி வாயத் தொறக்க மாட்டா. எனக்கு ஒரு மறைப்பு மட்டும் கட்டிக் குடுங்க" என்றார் அக்கா.

பள்ளிக்கூட அறையில் வேட்டியைக் கட்டி மறைத்துக் கொடுத்தார்கள். அக்கா அளவு நாடாவோடு உள்ளே உட்கார்ந்தார். அளவெடுத்துக் கொள்வதாகச் சொல்லி ஒவ்வொருத்தியாக வந்தார்கள். மொக்கம்மாளும் கூடப் போயிருந்தாள். தயங்கி நின்ற பெண்களிடம் அவளே ரவிக்கையைத் தளர்த்தித் தன் தழும்பைக் காட்டினாளாம். அன்று முப்பத்திரண்டு பேர் வந்தார்கள். அதில் இரண்டு பேரை அக்கா நர்ஸிடம் அனுப்பினார். தேனியில் பார்த்ததில் ஒருத்திக்குச் சாதாரணப் பால்கட்டி, இன்னொருத்திக்கு ஒன்றுமில்லை.

மொக்கம்மாளை ஆறு மாதத்துக்கு ஒருமுறை தேனிக்கு வரச் சொல்லியிருந்தார்கள். போன மாதம் போனபோது, இனி வருஷத்துக்கு ஒருமுறை வந்தால் போதும் என்று சொல்லிவிட்டார்கள். அவளும் சோணையும் அங்கேயே ஒரு ஓட்டலில் பூரி சாப்பிட்டுவிட்டு, மத்தியான பஸ்ஸில் ஊர் திரும்பினார்கள்.