ட்ராக் குரல்

அர்த்தநாரி என்ன வேலை செய்கிறார் என்று அவர் ஊரான நல்லேப்பிள்ளியில் கேட்டால் நெல் விவசாயம் என்பார்கள். சினிமாவுக்குப் பின்னணி இசை போடுகிறவர் என்று சொன்னாலோ, அப்படியானால் பாட்டு யார் என்று அடுத்த கேள்வி வரும். பாட்டுப் போடாத இசையமைப்பாளர் ஊர்க் கணக்கில் சேர்த்தி இல்லை. அவரும் விளக்கிக்கொண்டிருக்க மாட்டார். களத்தை ஒட்டிய அறையில் கதவைச் சாத்திக்கொண்டு, திரையில் யாரோ அழுவதைப் பார்த்தபடி கீபோர்டு வாசிப்பார்.

மனைவி செல்வப்பிரியா இருந்தவரை அந்த அறையில் இன்னொரு நாற்காலி இருந்தது. பெண் குரல் வரும் இடங்களை முதலில் அவள்தான் பாடிக் கொடுப்பாள். அதற்கு ட்ராக் என்று பெயர். பெயர்பெற்ற பாடகி வந்து அதே மெட்டைப் பாடியதும் ட்ராக்கை எடுத்துவிடுவார்கள். தொழில் வழக்கம் அப்படி.

"இந்தப் படத்துலயாவது என்ர கொரல உட்டு வெப்பீங்களா, இல்ல இதுக்கும் தொடப்பந்தானுங்களா?" என்று சிரிப்பாள். அடுத்த படத்தில் பார்க்கலாம் என்பார். அடுத்த படம், அடுத்த படம் என்றே காலம் ஓடியது. போன ஆடியில் மஞ்சள்காமாலை அவளைக் கொண்டுபோயிற்று. அதன்பின் ஒரு வேளை பொங்கி மூன்று வேளை தின்றார். பேச ஆளில்லை.

இந்த வருஷம் வண்டன்மேட்டு இளம் டைரக்டர் ஆனந்தகுமாரின் முதல் படம் இசைக்கு வந்தது. மகனை பஸ் ஏற்றிவிட்டு வந்த தாய், ஏலத்தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் தனியே உட்காரும் காட்சி. செல்வப்பிரியா பாடி, எந்தப் படத்திலும் சேராமல் போன ஹம்மிங் ஒன்று பழைய பதிவுகளில் கிடைத்தது. வைத்துப் பார்த்தார், அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்தியது. இம்முறை வேறு பாடகி கிடையாது. டைரக்டரிடம்கூடச் சொல்லவில்லை. தியேட்டரில் கேட்டு அசரட்டுமே என்று ஒரு சின்னப்பிள்ளை ஆசை.

கொச்சியில் படத்தின் ஒலிகளைச் சேர்க்கும் நாளில் கூட இருந்திருக்க வேண்டும். அன்றுதான் அறுப்பு மெஷின் அவர் வயலுக்கு வந்தது. விட்டால் நெல் மழையில் முளைத்துவிடும். ஃபைல்களை நெட்டில் அனுப்பிவிட்டு வரப்பில் நின்றார்.

படம் வெளியானதும் பக்கத்துச் சித்தூர் தியேட்டருக்கு அவள் எடுத்துக் கொடுத்த சட்டையைப் போட்டுக்கொண்டு போனார். காட்சி வந்தது. வயலின் ஒதுங்கி அவளுக்கு வழிவிட்டது. குரல் வரவில்லை. தகரக் கூரையில் மழை சொட்டியது, தாய் உட்கார்ந்தே இருந்தாள், வயலின் திரும்பி வந்துவிட்டது.

வீட்டுக்கு வந்து கம்ப்யூட்டரைத் திறந்தார். அந்த ஃபைலுக்கு அவர் கையாலேயே வைத்த பெயர்: 'ட்ராக், பெண் குரல்.' இத்தனை வருஷப் பழக்கம். கொச்சியில் ஒலி சேர்த்தவர் ட்ராக்தானே என்று வழக்கப்படி எடுத்துவிட்டார். யாரைச் சொல்லி நோவது?

ஓடிடி பிரதியிலாவது சேர்க்கச் சொல்லலாம் என்று போனை எடுக்கப் போனபோது ஆனந்தகுமாரே கூப்பிட்டான்.

"அண்ணே, அந்த எடத்துல சத்தமே இல்லாம விட்டீக பாருங்க, தியேட்டர்ல ஒருத்தரும் மூச்சு விடலண்ணே. எல்லாரும் அதத்தான் பேசுதாக."



"சரிங்க தம்பி," என்றார்.

போனை வைத்துவிட்டு ஃபைலின் பெயரை அழித்தார். செல்வப்பிரியா என்று அடித்தார். அவள் பாடிக் கொடுத்த எதற்கும் அதுவரை அவர் அந்தப் பெயரை எழுதியதில்லை.