எர்மின் அண்ணி குறித்த கல்யாண இடம்

எங்கள் கேரியக்கூ தீவில் ஒருவர் கனவு கண்டேன் என்று சொல்லிவிட்டால் அதற்கு மேல் பேச்சு கிடையாது. செத்தவர் வந்து சோறு கேட்டால் சோறு போட வேண்டும். இன்ன இடத்தில் போடு என்றால் அந்த இடத்தில்தான் போட வேண்டும். பாதிரியார்கூட அதில் மூக்கை நுழைக்க மாட்டார்.

எர்மின், என் அண்ணன் சிரிலின் மனைவி. பத்தொன்பது வருடங்களுக்கு முன் ஒரு ஜனவரி மாதம் சிரில் பக்கத்துப் பெரிய தீவான கிரெனடாவுக்குப் படகில் ஆடு ஏற்றிக்கொண்டு போனான். கடல் ஆட்டையும் எடுத்துக்கொண்டது, அவனையும் எடுத்துக்கொண்டது. உடம்பு கிடைக்கவில்லை. வீட்டு முற்றத்தில் பெயர் வெட்டிய கல் ஒன்றுதான் நட்டோம். அன்றிலிருந்து அண்ணி படகில் கால் வைத்ததில்லை. ரொட்டி சுட்டு, பள்ளிக்கூட வாசலில் விற்று, ஒரே மகள் கெர்லினைப் படிக்க வைத்தார். அவள் கிரெனடாவில் பட்டம் வாங்கியபோது நான்தான் போய்க் கைதட்டிவிட்டு வந்தேன். அண்ணி இங்கே ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தார்.

கெர்லின் அங்கேயே டீச்சர் வேலைக்குச் சேர்ந்து, ஆஷ்டன் என்ற பஸ் டிரைவரைப் பிடித்துக்கொண்டாள். நல்ல பையன். சத்தமாகப் பாட்டு வைப்பான், மற்றபடி குறை இல்லை. அவன் அம்மா அகதாவுக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டன. செவ்வாய், வியாழன், சனி மூன்று நாளும் கிரெனடா ஆஸ்பத்திரியில் ரத்தம் சுத்தம் செய்தாக வேண்டும். அந்த மெஷின் எங்கள் தீவில் இல்லை. அதனால் கல்யாணத்தை அங்கேயே வைக்கலாம் என்று பிள்ளைகள் முடிவு செய்திருந்தார்கள். கடற்கரையில் ஒரு ஹோட்டல்கூடப் பார்த்தாகிவிட்டது.

அப்போதுதான் அண்ணிக்குக் கனவு வந்தது. சிரில் ஈரத்தோடு வந்து முற்றத்தில் நின்று, என் மகள் கல்யாணத்துக்கு என் தட்டை இங்கேதான் வைக்க வேண்டும், தண்ணீர் தாண்டி என்னால் வர முடியாது என்று சொன்னானாம். கெர்லின் போனில் அழுதாள். நான் தலையைச் சொறிந்தேன். அகதாதான் முதலில் சம்மதித்தார். செத்தவர் கேட்டதை மறுத்துக் கல்யாணம் செய்தால் பிள்ளைகளுக்கு ஆகாது, ஞாயிற்றுக்கிழமை வந்து திங்கட்கிழமை திரும்பிவிடுகிறேன் என்றார். டாக்டரிடம் கேட்டீர்களா என்றேன். டாக்டருக்கு என்ன தெரியும் என்றார்.

கல்யாணம் நன்றாகத்தான் நடந்தது. மாப்பிள்ளை வீட்டார் ஒரு கொடியும் பெண் வீட்டார் ஒரு கொடியும் தூக்கி ஆடி, யார் கொடி மேலே என்று சாலையில் மல்லுக்கட்டினார்கள். வழக்கப்படி மாப்பிள்ளைக் கொடி மேலே நின்றது. சிரிலுக்கும் எங்கள் அம்மா அப்பாவுக்கும் உள் அறையில் தட்டு வைத்து மெழுகுவர்த்தி ஏற்றினோம். செத்தவர்களுக்கு உப்பில்லாமல்தான் சமைப்போம். அகதாவுக்கும் உப்பு ஆகாது. மற்ற சாப்பாட்டைத் தொட முடியாமல் அவர் உள்ளே எட்டிப் பார்த்து, “சம்பந்தி, எனக்கும் அவங்க பானையிலயே போட்டுடுங்க” என்று சிரித்தார். யாரும் சிரிக்கவில்லை. அண்ணி தனியாக மீன் வேகவைத்துக் கொடுத்தார்.

திங்கட்கிழமை காலை வடக்கிலிருந்து பெரிய அலை வந்துவிட்டது. கப்பல் ஓடவில்லை. காற்றுக்குப் பயந்து சின்ன விமானமும் வரவில்லை. சாயங்காலம் அகதாவின் கால் வீங்கியது. செருப்பு நுழையவில்லை. கடலோரக் காவல் படகு கேட்டுப் போன் செய்தால், வேறொரு படகைத் தேடிப் போயிருக்கிறது என்றார்கள். செவ்வாய்க்கிழமையும் கடல் இறங்கவில்லை, மெஷின் நாள் தப்பிப்போனது. புதன் விடியும்போது அவருக்குப் படுத்தால் மூச்சு முட்டியது. உட்கார்ந்தபடியே வாயால் மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்.

என்னிடம் ஒரு மீன்பிடிப் படகு இருக்கிறது. இரண்டு எஞ்சின். அந்தக் கடலில் போவது பைத்தியக்காரத்தனம் என்று எனக்குத் தெரியும். போகாமல் இருப்பது கொலை என்றும் தெரியும். கிரெனடாவின் வடக்குக் கரையில் ஏறிவிட்டால் அங்கிருந்து வண்டியில் ஆஸ்பத்திரிக்கு ஓடிவிடலாம். என்னையும் சேர்த்து நாலு பேர், அதற்கு மேல் ஏற்ற மாட்டேன் என்றேன். ஆஷ்டன் அம்மாவைத் தூக்கி உட்கார வைத்தான். கெர்லின் ஏற வந்தாள். அண்ணி அவள் கையைப் பிடித்துப் பின்னால் இழுத்தார்.

“நான்தான் கூப்பிட்டேன். நான்தான் கொண்டுபோய் விடணும்.”

முழங்கால் தண்ணீரில் நடந்து வந்து, பாவாடை நனைய ஏறி உட்கார்ந்தார். முகம் சாம்பல் நிறத்தில் இருந்தது. நான் உடனே படகைக் கிளப்பினேன். தாமதித்திருந்தால் இறங்கியிருப்பார்.

அலை ஒவ்வொன்றும் வீடு உயரம். ஏறும்போது வானம்தான் தெரியும், இறங்கும்போது பள்ளம்தான் தெரியும். ஆஷ்டன் வாளியால் தண்ணீரை இறைத்துக்கொண்டே இருந்தான். அண்ணி இரண்டு கையாலும் அகதாவைக் கட்டிப் பிடித்திருந்தார். யார் யாரைப் பிடித்திருந்தார்கள் என்று சொல்வது கஷ்டம். எனக்குப் பயமாக இருந்தது, வெளியே காட்டவில்லை, அவ்வளவுதான். பாதி வழியில் இருக்கும் ரோண்டே தீவின் மறைவுக்கு வந்ததும் கடல் கொஞ்சம் அடங்கியது. எண்ணெய் டாங்க் மாற்ற எஞ்சினை நிறுத்தினேன்.

அந்த அமைதியில்தான் அண்ணி பேசினார்.

“சம்பந்தி, அவர் கனவுல வரல.”

அகதா கண்ணைத் திறந்தார்.

“பொய் சொன்னேன். கல்யாணம் அங்கன்னா நான் படகு ஏறணுமே, அதுக்குப் பயந்து சொன்னேன். எல்லார் வீட்டு ஆளும் கனவுல வர்றாங்க, சோறு கேக்குறாங்க, சண்டை போடுறாங்க. எங்க வீட்டு ஆளு பத்தொன்பது வருஷமா ஒரு தடவை வரல. வருஷா வருஷம் தட்டு வைக்கிறேன். வரவே இல்ல.”

ஆஷ்டன் வாளியைக் கீழே வைத்துவிட்டு அவரையே பார்த்தான். அடித்துவிடுவானோ என்று நினைத்தேன். தாடை இறுகியது. “அத்தை, இப்ப பேசாதீங்க” என்று மட்டும் சொன்னான்.

அகதாவுக்குப் பேச மூச்சு போதவில்லை. இரண்டு மூன்று தடவை முயன்றார்.

“எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாம். பயமா இருக்குன்னு சொல்லியிருந்தா நானே உங்களைக் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போயிருப்பேன்.”

அண்ணி அழுதார். அகதா சமாதானம் சொல்லவில்லை. ஆனால் அண்ணியின் தோளில் சாய்ந்த தலையை எடுக்கவும் இல்லை. நான் எஞ்சினைக் கிளப்பினேன். மிச்சக் கடல் முதல் பாதியைவிட மோசம். எப்படிக் கடந்தேன் என்று கேட்டால் பதில் தெரியாது.

ஒன்பதரை மணிக்கு ஆஸ்பத்திரிக்குள் போனோம். இன்னும் ஒரு மணி நேரம் விட்டிருந்தால் பிணத்தைத்தான் கொண்டு வந்திருப்பீர்கள் என்று நர்ஸ் எங்கள் நாலு பேரையும் சேர்த்துத் திட்டினார். திட்டிக்கொண்டே ஊசியைக் குத்தினார். மெஷின் ஓட ஆரம்பித்தது. மதியத்துக்குள் அகதாவுக்கு மூச்சு சீரானது, கஞ்சி கேட்டார் என்று ஆஷ்டன் வந்து சொன்னான். என்னிடம்தான் சொன்னான். அத்தை பக்கம் திரும்பவில்லை. அதற்கு நாளாகும்.

நானும் அண்ணியும் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். பாவாடை ஓரத்தில் உப்பு காய்ந்து வெள்ளையாகப் படிந்திருந்தது. அண்ணி அதைத் தட்டிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

“நெவில், உண்மையைச் சொல்லு. உனக்காவது கனவுல வந்திருக்காரா?”

மாதம் ஒரு தடவையாவது வருவான். போன வாரம்கூட வந்தான். வலையை இப்படியா கட்டுவாய் என்று திட்டிவிட்டு, என் சுருட்டைப் பிடுங்கிக்கொண்டு போனான்.

“இல்ல அண்ணி. எனக்கும் வரல.”

அண்ணி தலையை ஆட்டினார். அவர் முகத்தில் கொஞ்சம் நிம்மதி வந்தது.