அப்பா மாஸ்க்கைக் கழட்டின நேரம்

அப்பாவின்ர மாஸ்க் இப்ப என்ர மடியில கிடக்கு. பேஸ்போல் விளையாடேக்க முகத்துக்குப் போடுற இரும்புக் கம்பி மாஸ்க். உள்பக்கத் தோல் அவற்ர வேர்வையில கறுத்துப்போச்சு. மணந்து பாத்தன். இன்னும் அவர் மணக்கிறார்.

அடிக்கிற ஆளுக்குப் பின்னால குந்தியிருந்து பந்து பிடிக்கிறதுதான் அவற்ர இடம். சிட்னிக்கு வந்த புதுசில ஒரு கிளப்பில விளையாடினவர். விளையாட்டை விட்டாப் பிறகு, ரெண்டு மூண்டு விளையாட்டுப் படங்களிலயும் அதே மாதிரிக் குந்தக் கூப்பிட்டவங்கள். முதல் படத்துக்குக் குடும்பமாப் போனனாங்கள். மாமா தியேட்டருக்குள்ளயே, "அத்தான் எங்க? அந்தக் கோழிக்கூட்டுக்குள்ளயோ?" எண்டு கத்தினார். அப்பாதான் பெருசாச் சிரிச்சவர். படம் முடியுமட்டும் அவற்ர முகத்தைக் காணேல்லை.

போன வருசம் ஸ்ட்ரோக் வந்து வாய் கோணிப் பேச்சும் போச்சு. மீன் பொரிச்சால் கடைசித் துண்டுக்கு "என்ர! என்ர!" எண்டு எங்களோட அடிபடுற மனுசன், சாப்பாட்டுக் கோப்பையைப் பாத்துக்கொண்டு சும்மா இருந்தார்.

அப்பாவின்ர செத்தவீட்டுக்கு முதல்நாள், டூங்கபியில எங்கட வீட்டில, அம்மா என்னைக் கூப்பிட்டா. "தம்பி, விளையாடேக்க அவற்ர முகம் எப்பிடி இருந்ததெண்டு எனக்குத் தெரியாது. இந்தக் கோணின முகத்தோட அனுப்ப ஏலாதடா. ஒருக்காக் காட்டு. நாளைக்குப் பெட்டியை மூடிப்போடுவாங்கள்."

நான் படிக்காதவன், வெயார்ஹவுசில பெட்டி தூக்கிறவன். தேடத் தெரிஞ்ச அளவுக்குத் தேடினன். படங்களை ஓடவிட்டன். எல்லாத்திலயும் மாஸ்க். கடைசியா, கிளப்பில ஆரோ இன்ரநெற்றில ஏத்திவிட்ட பழைய மட்ச் வீடியோ ஒண்டு அம்பிட்டுது. அதிலயும் மாஸ்க்தான். ஆனா பந்து நேர மேல எழும்பினால் அவர் மாஸ்க்கைக் கழட்டி எறிஞ்சுபோட்டுப் பிடிக்க ஓடவேணும். எனக்குத் தெரியும், அவரே சொன்னவர்.

பந்து எழும்பேல்லை. வீடியோ முடியப்போகுது. அம்மா செபமாலையை இறுக்கிப் பிடிச்சுக்கொண்டு இருந்தா. மாமா கதிரையை ரீவிக்குக் கிட்ட இழுத்தார்.

எழும்பிச்சுது! அப்பா துள்ளி எழும்பினார், கை மாஸ்க்குக்குப் போச்சு. அந்த நேரம் பாத்துக் கமராக்காரன் பந்துக்குப் பின்னால கமராவைத் திருப்பிப்போட்டான். ரீவி முழுக்க வெறும் வானம்.

"நாசமாப் போவான்!" எண்டார் மாமா.

அப்பதான் அந்த வானத்துக்குக் கீழயிருந்து சத்தம் கேட்டுது. அவ்வளவு வெள்ளைக்காரருக்கு நடுவில, தமிழில, தொண்டை கிழிய: "என்ர! என்ர!"

அம்மா செபமாலையை விட்டுட்டா. "திருப்பிப் போடடா," எண்டா.

இப்பவும் அந்த இடத்தைத்தான் திருப்பித் திருப்பிப் போடுறன். வானம் மட்டும்தான் தெரியுது. அந்த நேரம் அவர் கழட்டி எறிஞ்ச மாஸ்க் இதுதான், என்ர மடியில.