வாளித் தண்ணீரில் கிடந்த பிஸ்டல்

பிள்ளைகளா, உங்கள் அப்பா துப்பாக்கியைக் கையால் தொட்டதே இல்லை. இதை முதலில் சொல்லிவிடுகிறேன். தெருவில் உங்கள் கூட்டாளிகள் சொல்கிற கதையில் நான்தான் அதைப் பிரித்துப் போட்டதாக இருக்கிறது. பொய். நான் வாளி தூக்கினேன், துணி கிழித்துக் கொடுத்தேன், பக்கத்தில் நின்று பார்த்தேன். அவ்வளவுதான். எட்டாம் வகுப்போடு நின்றவன் எழுதுவது. பிழை இருந்தால் திருத்திக்கொண்டு படியுங்கள்.

நான் கார் ஓட்டுகிற வீட்டு முதலாளி தை மாதம் திடீரென்று மாரடைப்பில் போய்ச் சேர்ந்தது உங்களுக்குத் தெரியும். அவருக்குப் பிறகு நாரணாபுரத்துப் பக்கம் இருக்கிற பட்டாசுக் கம்பெனியை அவர் மனைவிதான் நடத்துகிறார். அவரைத்தான் நான் அம்மா என்பது. வயதில் என்னைவிட ஒன்றிரண்டுதான் மூப்பு. ஒரே மகள், எட்டாம் வகுப்புப் படிக்கிறது.

முன்னே சம்பளப் பணத்தை பேங்கிலிருந்து பையில் எடுத்து வருகிற காலத்தில், முதலாளி லைசென்ஸ் எடுத்து ஒரு சின்ன பிஸ்டல் வாங்கி வைத்திருந்தார். பிறகு எல்லாம் அக்கவுண்டில் போக ஆரம்பித்ததும் அது பீரோவுக்குள் போய்விட்டது. அம்மா எப்போது கேட்டாலும், “அது காலி, உள்ள ஒண்ணும் கெடையாது” என்பாராம். லைசென்ஸ்காரர் இறந்துவிட்டால் ஆயுதத்தை ஒப்படைத்தாக வேண்டும் என்று வக்கீல் சொன்ன பிறகுதான், அம்மாவுக்கு அதன் நினைவே வந்தது. பீரோவைத் திறந்தார். வேட்டி அடுக்குக்கு அடியில் துணிப்பையில் இருந்தது. முதலாளியின் வேட்டிகளை ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை மடித்து அந்த அடுக்கில் வைப்பது மகளுடைய வேலை. அப்பா போன பிறகும் அந்தப் பிள்ளை அதை விடவில்லை.

அடுத்து அம்மா செய்ததை வெளியூர்க்காரர் யாரும் செய்திருக்க மாட்டார்கள். செருப்பைக் கழற்றினார். வளையலைக் கழற்றினார். வெடிமருந்து அறைக்குள் நுழையுமுன் உடம்பு மின்சாரம் இறங்கட்டும் என்று செம்புத் தகட்டைத் தொடுவோமே, அந்தப் பழக்கத்தில் உள்ளங்கையைத் தரையில் வைத்து எடுத்தார். பிறகு என்னைக் கூப்பிட்டார்.

“தம்பி, வாளி நெறையத் தண்ணி கொண்டாங்க.”

எதற்கு என்று நான் கேட்கவில்லை. கார் ஓட்ட வருமுன் ஏழாயிரம்பண்ணையில் மருந்து அலசுகிற, அதாவது கலந்து சலிக்கிற, அறையில் வேலை பார்த்தவன் நான். சந்தேகம் வந்தால் தண்ணீர் என்பது எங்கள் கைக்கே தெரியும். நமுத்துவிட்டால் பயமில்லை. அம்மா அந்தப் பையோடு சேர்த்து, அலுங்காமல், வாளிக்குள் இறக்கினார். குமிழி குமிழியாக வந்தது. கடைசிக் குமிழி அடங்குகிற வரை இருவரும் நின்று பார்த்தோம்.

“நமுத்துருச்சு,” என்றார் அம்மா. அதற்குப் பிறகுதான் ஸ்டேஷனுக்குப் போன் போட்டார். யாரும் தொட வேண்டாம், விவரம் தெரிந்தவரை அனுப்புகிறோம் என்றார்கள்.

மதியத்துக்கு முன்னால் விருதுநகரிலிருந்து மோட்டார் சைக்கிளில் ஒரு போலீஸ்காரர் வந்தார். ஆயுதப் படையில் துப்பாக்கிகளைப் பழுது பார்க்கிறவர். ஆமத்தூர்க்காரராம். ஒல்லியான ஆள், தோளில் ஒரு பை. வாளியை எட்டிப் பார்த்தார்.

“என்னம்மா, விரால் மீனு வாங்கி விட்டுருக்கீகளா?”

“நமுக்கப் போட்டுருக்கோம் சார்,” என்றேன் நான்.

அவர் என்னைப் பார்த்தார், அம்மாவைப் பார்த்தார். “துப்பாக்கிய ஊறப் போட்ட வீட்ட இன்னைக்குத்தாம்மா பாக்கேன். சாயங்காலம் ஆட்டி மாவாக்கிருவீகளோ?”

தை மாதத்துக்குப் பிறகு அம்மா சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். ஆனால் அந்தச் சிரிப்பு ரொம்ப நேரம் நிற்கவில்லை.

“உங்க சரவெடி காயிதத்துல சுத்துனது, நமுக்கும். இதுல தோட்டா கெடந்தா, அது பித்தளைக் கூட்டுக்குள்ள இறுக்கி அடைச்சது. தண்ணிக்குள்ள கெடந்து எந்திரிச்சாலும் வெடிக்கும்னு நெனச்சுத்தான் தொடணும்.”

“காலின்னு அவுக சொல்லிருக்காகளே,” என்றார் அம்மா.

“இருக்கட்டும்மா. எதுக்கும் பாத்துருவோம்.”

வீட்டுக்குப் பின்னால் சுற்றுச்சுவர் வேலைக்காக மணல் குவித்திருந்தது. அதன் முன்னால் ஒரு சாக்கை விரிக்கச் சொன்னார். சமையல்கார அக்கா, தோட்டக்காரர், எதிர் வீட்டுக்காரர் என்று கூட்டம் கூடிவிட்டது.

“உங்க கம்பெனி ரூமுல எத்தன பேரும்மா நிக்கலாம்?”

“நாலு,” என்றார் அம்மா. மருந்து அறைக்குச் சட்டம் அது.

“இங்கன மூணு போதும். மத்தவுக எல்லாம் உள்ள போங்க.”

“ஆமா, நா பாத்தா அதுக்குக் கண்ணு பட்டுரும்,” என்று முனகிக்கொண்டே சமையல்கார அக்கா உள்ளே போனது.

அவர் பிஸ்டலை வாளியில் கிடந்த துணிப்பையிலிருந்து எடுத்த விதத்தை நான் சாகிற வரை மறக்கமாட்டேன். ஆள்காட்டி விரல் விசைப் பக்கமே போகவில்லை. பக்கவாட்டில் குச்சி மாதிரி நீட்டிக்கொண்டிருந்தது. பிஸ்டலின் வாய் மணலைப் பார்த்தது. அதற்குப் பிறகு எங்களோடு எவ்வளவோ பேசினார், சிரித்தார், வியர்வையைத் துடைத்தார். கழுத்துதான் திரும்பியதே தவிர அந்த வாய் மணலை விட்டு நகரவே இல்லை. கை தனியாக ஒரு நினைப்பை வைத்துக்கொண்டிருந்தது போல இருந்தது.

கைப்பிடிக்கு அடியில் எதையோ அழுத்தினார். தோட்டா அடுக்குகிற தகரப் பெட்டி, மேகசின் என்கிறார்கள், வழுக்கிக்கொண்டு கீழே வந்தது. தண்ணீர் வடிந்தது. வேறொன்றும் இல்லை.

அம்மா மூச்சு விட்டார். “நாந்தான் சொன்னேன்ல. காலி.”

“இது காலி,” என்றார் அவர். “துப்பாக்கி காலியான்னு இனிமேத்தாம்மா தெரியும்.”

மேல் பாகத்தைப் பிடித்துப் பின்னால் இழுத்தார். பக்கவாட்டு ஓட்டை வழியாக ஏதோ துள்ளிச் சாக்கில் விழுந்தது. என் சுண்டுவிரல் நுனி அளவுதான் இருக்கும். பித்தளை. அதன் மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் நின்று வெயிலில் மினுங்கியது.

எவ்வளவு பெரிய வெடியெல்லாம் பார்த்தவர்கள் நாங்கள். லாரி லாரியாக லோடு ஏற்றியவர்கள். அந்தச் சின்னப் பொருளைக் கண்டதும் ஒரு எட்டுப் பின்னால் போனோம்.

அவர் மறுபடி இழுத்தார். வேறெதுவும் வரவில்லை. இழுத்தபடியே நிறுத்தி உள்ளே குனிந்து பார்த்தார். பிறகு சுண்டுவிரலை உள்ளே விட்டுத் தடவினார். “கண்ணால பாத்தாச்சுன்னு விட்டுறக் கூடாது, வெரலாலயும் பாத்துக்கிடணும்,” என்றார். பிஸ்டலை மணலைப் பார்த்தபடி சாக்கில் வைத்தார். தோட்டாவைத் துடைத்து ஒரு டப்பாவில் போட்டு, வாசலில் நின்ற மோட்டார் சைக்கிள் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிவிட்டு வந்தார். “அதும் இதும் ஒரே எடத்துல இருக்கக் கூடாதும்மா. நீங்க மருந்தயும் திரியயும் தனித்தனியாத்தான வைக்கீக?”

அம்மா அதைக் காதில் வாங்கவில்லை. மணல் குவியல் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டார்.

“அப்ப அவுக எங்கிட்ட பொய்யா சொன்னாக?”

போலீஸ்காரர் சாக்கில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். “பொய் இல்லம்மா. மேகசின்ல இருந்தத எல்லாம் எடுத்துருக்காக. மொதல்லயே குழாய்க்குள்ள ஏறி நின்ன ஒண்ணு கண்ணுல படல. நெறையப் பேருக்கு இப்படி ஆகும். காலின்னு நம்பித்தான் சொல்லிருப்பாக.”

“நம்பித்தான் சொன்னாக,” என்றார் அம்மா. பிறகு, “எம் மக கை வாராவாரம் அதுக்கு மேலதான போயிட்டு வந்துச்சு,” என்றார்.



அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தார். “சார், ஈரமும் துருவுமா அவுக பொருளு ஸ்டேஷனுக்குப் போகக் கூடாது. தொடச்சு ஒழுங்கு பண்ணிக் கொண்டு போங்க.”

“நீங்க சொல்லாட்டியும் செய்யணும்மா. இப்பிடியே விட்டா நாளைக்கே செவந்துரும்.”

அதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு இன்னும் ஆச்சரியம். மேல் பாகத்தைக் கொஞ்சம் பின்னால் தள்ளி, குழாயைப் பிடித்து ஒரு திருகு திருகினார். பூட்டுத் திறப்பது போல இளகியது. முன்பக்கமாக உருவிக்கொண்டு வந்துவிட்டது. சுருள் கம்பி துள்ளிவிடாமல் உள்ளங்கையால் பொத்தி எடுத்தார். உடம்பு, மேல்மூடி, குழாய், சுருள் கம்பி. சாக்கில் விரித்த துண்டின் மேல் வரிசையாகக் கிடந்தன. ஊரே பயப்படுகிற ஒரு பொருள், பிரித்துப் போட்டால் ஒரு தையல் மிஷின் சாமான் அளவுகூட இல்லை!

தனியாகக் கழன்ற குழாயைத் துடைத்து என்னிடம் காட்டினார். “தொடாதீக அண்ணாச்சி, நான் பிடிச்சுக்கிடுதேன். இது வழியா வானத்தப் பாருங்க.”

பார்த்தேன். உள்ளே சன்னமான வரிகள் கயிறு முறுக்கியது போல வளைந்து வளைந்து ஓடின. அதன் கடைசியில் சின்னதாக, வட்டமாக வானம். அந்த வரிதான் குண்டைச் சுழற்றி நேராக அனுப்புகிறதாம். நாங்கள் செய்கிற சாமான் எல்லாம் ஒரே தடவை. வெடித்தால் அதுவே இல்லாமல் போகும், தெருவில் காகிதம்தான் கிடக்கும். தனக்குள்ளேயே வெடிக்க விட்டு, தனக்கு ஒன்றும் ஆகாமல் நிற்கிற மாதிரி இதைச் செய்த மனிதன் யாராக இருக்கும்? எந்த ஊரில் உட்கார்ந்து யோசித்திருப்பான்? நல்லதற்கு யோசித்தானா என்பது வேறு விஷயம். யோசித்த அறிவை நினைத்தால் உடம்பு சிலிர்த்தது.

பையிலிருந்து கம்பியும் பிரஷும் எடுத்தார். பித்தளை பிரஷ். எங்கள் அறைகளிலும் இரும்பு ஆகாது, பொறி வரும். இங்கே வேறு காரணம். இரும்பு பிரஷ் உள்வரியைக் கீறிவிடும் என்றார். பின்பக்கமாக விட்டு முன்பக்கம் எடுத்தார். நான் பழைய வேட்டியைச் சின்னச் சின்னதாகக் கிழித்துக் கொடுத்தேன். முதல் துணி கறுப்பாக வந்தது. பிறகு சாம்பல் நிறம். வெள்ளையாக வருகிற வரை விடவில்லை. எண்ணெயை ஒரு சொட்டு விரலில் தொட்டு, பொட்டு வைப்பது போல அங்கங்கே வைத்தார்.

“நெறைய விட்டா நல்லதில்லையா?” என்று அம்மா கேட்டார்.

“விட்டா தூசியெல்லாம் சேந்து களியாப் போயிரும்மா. நீங்க அந்த மேகசினத் தொடைங்க.”

அம்மா அதைத் தன் முந்தானையாலேயே துடைத்தார். மூலை முடுக்கெல்லாம் துணியைத் திருகி நுழைத்துத் துடைத்தார். அழவில்லை. வீட்டுக்காரருக்குக் கடைசியாக ஒரு வேலை செய்கிற மாதிரி இருந்தது முகம்.

எல்லாவற்றையும் திரும்ப மாட்டினார். இழுத்தார், விட்டார், மறுபடி உள்ளே விரல் விட்டுப் பார்த்தார். அப்புறம் மணலுக்கு நேராகப் பிடித்து விசையை அழுத்தினார். டிக். அவ்வளவு சின்னச் சத்தத்துக்கு அம்மாவின் தோள் குலுங்கியதைப் பார்த்தேன்.

போலீஸ்காரர் பிஸ்டலை எடுத்துக்கொண்டு போன பிறகு, பள்ளிக்கூடம் விட்டு மகள் வந்தது. அம்மா வாசலிலேயே அதன் இரண்டு கைகளையும் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“என்னம்மா? கழுவிட்டேம்மா கைய,” என்றது பிள்ளை.

அன்றைக்கு அம்மா என்னைச் சீக்கிரமாகவே போகச் சொல்லிவிட்டார். நான் வீட்டுக்கு வந்தபோது நீங்கள் இருவரும் டியூஷனில் இருந்தீர்கள். உங்கள் அம்மா ஷிப்ட் முடிந்து வரவில்லை. பள்ளிக்கூடக் கண்காட்சிக்கு ராக்கெட் செய்ய என்று காகிதக் குழாய் கேட்டீர்களே, கம்பெனியிலிருந்து ஒரு அட்டைப்பெட்டி நிறைய வாங்கி வந்து கட்டிலுக்கடியில் வைத்திருந்தேன். “வெறும் குழாய்தான், பயப்படாம வெட்டி ஒட்டுங்க” என்று உங்களிடம் சொன்னது நான்தான். நம்பித்தான் சொன்னேன்.

பெட்டியை இழுத்து வாசற்படிக்குக் கொண்டுவந்தேன். உட்கார்ந்து ஒவ்வொரு குழாயாக எடுத்து வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தேன். அந்தப் பக்கம் தெரு தெரிந்தது. விரலையும் விட்டுத் தடவினேன். அடுத்ததை எடுத்தேன். எல்லாக் குழாயையும் பார்த்து முடித்தேன். ஒன்றிலும் மருந்து இல்லை. பெட்டியை இருந்தபடியே கட்டிலுக்கடியில் தள்ளி வைத்தேன்.