கிரீட் தீவுப் பெண்களுக்கு நான் போட்ட ரவிக்கை

என் கணவருக்கு நேர்கோடு வரும், வளைகோடு வராது. ரயில்வே அலுவலகத்தில் படம் வரைபவராக இருந்தார். பாலம், மதகு, வடிகால் எல்லாம் அவர் கையில் மயிரிழை பிசகாமல் வரும். மனிதரை வரையச் சொன்னால் மட்டும், இரண்டு தண்டவாளத்தின் மேல் தண்ணீர்த் தொட்டியைத் தூக்கி வைத்தது போல ஒன்றை வரைந்துவிட்டு, "ஆள் எண்டு தெரியுதுதானே" என்பார். அந்த மனுஷனுக்குக் கிரீட் தீவின் மேல் பைத்தியம் பிடித்த கதையைத்தான் சொல்ல வந்தேன். என் கதையும் அதற்குள்ளே இருக்கிறது.

நாங்கள் யாழ்ப்பாணத்திலிருந்து மலாயாவுக்கு வந்து, முதலில் கிள்ளானில் இரண்டு வருஷம் இருந்துவிட்டு, பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸுக்கு மாறியிருந்தோம். பங்சார் பக்கம் அப்போது ரப்பர் மரங்கள்தான். அவருடைய மேலதிகாரியான துரை, சீமையிலிருந்து கப்பலில் வரும் படப் பத்திரிகைகளைப் படித்து முடித்ததும் அலுவலகத்தில் போட்டுவிடுவார். வேறு யாரும் தொடாததால் அவை எங்கள் வீட்டுக்கு வரும். நான் படம் பார்த்துவிட்டு அலமாரித் தட்டுகளில் விரிப்பேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை நான் தேங்காய் துருவிக்கொண்டிருந்தபோது, அவர் பத்திரிகையும் கையுமாகக் குசினிக்கே வந்துவிட்டார்.

"இஞ்சேரும், இதைப் பாரும்."

பார்த்தேன். ஒரு மண் குழாய்.

"மூவாயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கு முந்தினது. கிரேக்க நாட்டுப் பக்கம் கிரீட் எண்டு ஒரு தீவு. அரண்மனைக்குக் கீழால தண்ணி ஓட விட்டிருக்கினம். குழாயின்ர ஒரு பக்கம் அகலம், மற்றப் பக்கம் ஒடுக்கம். ஒண்டுக்குள்ள ஒண்டு போய் இறுகும். அடைக்கவே அடைக்காது."

சொல்லும்போது குரல் தழுதழுத்தது. எனக்குச் சிரிப்பு வந்தாலும் அடக்கிக்கொண்டேன். காரணம் உண்டு. எங்கள் வீட்டு வரிசைக்குப் பின்னால் ஓடிய சாக்கடை ஒவ்வொரு மழைக்கும் நிரம்பிக் குசினிக்குள் வந்து எட்டிப் பார்க்கும். அதற்குச் சரியான வாட்டம் கொடுத்து அவர் மூன்று தடவை படம் வரைந்து மேலே அனுப்பியிருந்தார். மூன்றும் போன இடம் தெரியவில்லை. கழிவறைக்கு வாளிதான். அப்படிப்பட்டவருக்கு, யாரோ ஒரு ராஜா அத்தனை ஆயிரம் வருஷத்துக்கு முன்பே அந்த வேலையை ஒழுங்காகச் செய்து வைத்திருந்தான் என்பது சொந்தக்காரருக்குப் பதவி உயர்வு கிடைத்தது போல இருந்தது.

அதற்குப் பிறகு சாப்பாட்டு வேளையெல்லாம் கிரீட்தான். அந்தத் தீவில் கோட்டை மதில் கிடையாதாம், கடலே போதும் என்று இருந்துவிட்டார்களாம். ஆள் உயர ஜாடிகளில் எண்ணெயும் தானியமும் நிரப்பி வரிசையாக வைத்திருந்தார்களாம். எழுத்து இருந்ததாம், ஆனால் அதை வாசிக்க இன்று உலகத்தில் ஆளில்லையாம். பாய்ந்து வரும் காளையின் கொம்பைப் பிடித்து முதுகுக்கு மேலால் கரணம் போடுவார்களாம். அதைப் பார்க்க ஊரே கூடுமாம். "உங்கட ரசம் ஆறுது" என்று நான் சொல்லும்வரை கரணம் ஓயாது.

பிரிக்பீல்ட்ஸில் எங்கள் ஆட்கள் நடத்திய வாசிகசாலை ஒன்று இருந்தது. மாதத்துக்கு ஒரு ஞாயிறு பிற்பகல் யாராவது சொற்பொழிவு செய்வார்கள். பெரும்பாலும் சமய விஷயம். இவர் போய்க் கிரீட் தீவைப் பற்றிப் பேசுகிறேன் என்று ஒப்புக்கொண்டு வந்துவிட்டார். பத்திரிகைப் படமோ உள்ளங்கையளவு. பின்னால் இருப்பவர்களுக்குத் தெரிய வேண்டுமென்றால் பெரிதாக வரைந்து தொங்கவிட வேண்டும். குழாய்ப் படத்தை அவரே வரைந்தார். மற்ற இரண்டில், அதாவது காளைப் படத்திலும் சனக்கூட்டப் படத்திலும், மனிதர்கள் இருந்தார்கள்.

"நீர் பள்ளிக்கூடத்தில படம் கீறினனீர் எண்டு சொன்னனீரெல்லோ?" என்றார், எங்கோ பார்த்துக்கொண்டு.

சொன்னது கல்யாணமான புதிதில். மிஷன் பள்ளிக்கூடத்தில் படத்துக்காகப் பரிசு வாங்கியவள் நான். எட்டு வருஷம் கழித்து அது அவருக்கு ஞாபகம் வந்ததே என்று மனதுக்குள் குளிர்ந்துதான் போனேன். வெளியே மட்டும், "பாப்பம்" என்றேன்.

ரயில்வேயில் பிளான் வரைய கஞ்சிப் பசை ஏற்றிய நீலத் துணி ஒன்று உண்டு. கழித்துப்போட்ட பழைய பிளான்களை வீட்டுக்குக் கொண்டுவருவார்கள். வெந்நீரில் ஊறவைத்துத் தோய்த்தால் பசையும் மையும் போய் நல்ல மெல்லிய பருத்தித் துணி கிடைக்கும். எங்கள் வரிசையில் பாதிப் பிள்ளைகளின் சட்டை ஒரு காலத்தில் பாலமாக இருந்ததுதான். அப்படி வந்த துணியில் எழுதாத இரண்டு பெரிய துண்டுகளை எடுத்து வைத்துக்கொண்டு, மத்தியானச் சமையல் முடிந்த பிறகு நான் வரைய உட்காருவேன். ஆறு வாரம் பிடித்தது. காளை சுலபமாக வந்துவிட்டது. சனக்கூட்டம்தான் என்னைப் பிடித்துக்கொண்டது.

அந்தப் படத்தில் பெண்கள்தான் முன்வரிசை. இடுப்புச் சிறுத்து, பாவாடை அடுக்கடுக்காக விரிந்து, சுருள் முடி தோளில் விழ, சாவகாசமாக உட்கார்ந்திருந்தார்கள். காளையை ஒருத்தியும் பார்க்கவில்லை. ஒருத்தி கையை நீட்டி ஏதோ சொல்கிறாள், பக்கத்திலிருப்பவள் "மெய்யாவோ" என்று வாயைத் திறக்கிறாள். எங்கள் பொதுக்குழாயடியில் நான் தினமும் காணும் கூட்டம் அது. ஆண்களோ பின்னால் வெறும் தலைகள். முகமும் இல்லை, உடம்பும் இல்லை, புள்ளி புள்ளியாக நூற்றுக்கணக்கில். பெண் ஒவ்வொருத்திக்கும் எனக்கு இரண்டு நாள் ஆனது. ஆண்கள் அத்தனை பேரையும் பெருவிரலில் சாயம் தொட்டு ஒரே பிற்பகலில் வைத்து முடித்தேன். அந்தப் பிற்பகல் எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

ஆனால் ஒரு தொல்லை. அந்தச் சீமாட்டிகளுக்கு மார்பில் துணி கிடையாது. அவர்களுக்கு அது வெட்கமில்லை போலும். எங்கள் வாசிகசாலைச் செயலாளருக்கு வெட்கமாக இருக்குமே. அவர் அரசாங்கத் திறைசேரியில் தலைமைக் குமாஸ்தா, கழுத்துப் பொத்தானைக்கூடக் கழற்றாத மனிதர். நான் யோசித்துப் பார்த்தேன். பிறகு பன்னிரண்டு பேருக்கும் ரவிக்கை போட்டுவிட்டேன். கைக்கு அப்போது நாங்கள் வைத்துக்கொண்ட மாதிரியே லேஸ். உண்மையைச் சொன்னால் நன்றாகத்தான் இருந்தது.

என் கணவர் அதைக் கண்டுபிடித்துவிடுவார் என்று பயந்தேன். அளவு விஷயத்தில் அவர் பொல்லாதவர். அவர் கண்டுபிடிக்கவில்லை. கூச்ச சுபாவம். பத்திரிகையில் பெண்கள் படம் வந்தால் சரியாகப் பார்க்காமலே சட்டென்று புரட்டிவிடுவார் என்பது எனக்கு அப்போது தெரியாது.

ரயில்வே பிளான் ஒவ்வொன்றிலும் வலது கை மூலையில் ஒரு சின்னப் பெட்டி இருக்கும். அதில் அளவு, வரைந்தவர், சரிபார்த்தவர் என்று கட்டங்கள். அந்தப் பெட்டி இல்லாத தாள் அவருக்குத் தாளே இல்லை. மூன்று படங்களுக்கும் தமிழிலேயே அழகாக எழுதிப் பெட்டி போட்டார். நான் துணி மடிக்கிற சாக்கில் பக்கத்தில் நின்றேன். எனக்கு வேண்டியது வரைந்தவர் என்ற கட்டம் ஒன்றுதான். பரிசு வாங்கிய நாளுக்குப் பிறகு என் பெயரை எழுத்தில் பார்த்தவளல்ல நான். வீட்டில் "இஞ்சேரும்", வெளியில் டிராஃப்ட்ஸ்மனின் மனைவி. குழாய்ப் படத்தில் வரைந்தவர் என்ற இடத்தில் தன் முன்னெழுத்துகளைப் போட்டார். என் படங்கள் இரண்டிலும் சரிபார்த்தவர் என்ற இடத்தில் அதே எழுத்துகளைப் போட்டார். வரைந்தவர் கட்டத்தை அப்படியே விட்டுவிட்டு மையை ஒற்றி எடுத்தார்.

"அதில ஒண்டும் போடேல்லையோ?" என்றேன்.

"பொம்பிளையின்ர பேரைச் சபையில தொங்கவிடலாமோ?" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. மழை வருகிறது என்பது போலச் சொன்னார். எனக்கு நெஞ்சு எரிந்தது. அன்றைக்கு அவருடைய சோற்றில் நெய் ஊற்றவில்லை. அவர் கவனிக்கவில்லை என்பது இன்னும் எரிச்சல்.

சொற்பொழிவன்று மண்டபம் நிறைந்திருந்தது. பெண்களுக்குப் பின்பக்கத்து அறை, நடுவில் மூங்கில் தட்டி. தட்டியின் இடுக்கில் ஒற்றைக் கண்ணை வைத்தால் நான் ஆறு வாரம் வரைந்த பெண்களில் இரண்டரைப் பேர் தெரிந்தார்கள். ஸ்டேஷன் மாஸ்டரின் மனைவி மற்றொரு இடுக்கில் இருந்தாள். "ஆரடியப்பா கீறினது? வடிவாக் கீறியிருக்கு" என்றாள். நான் இடுக்கிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

அவர் நன்றாகவே பேசினார். குழாயில் முக்கால் மணி நேரம் நின்றார், அதைச் சொல்லத்தான் வேண்டும். பிறகு கேள்வி நேரம். முதலில் எழுந்தது செந்தூல் ரயில்வே பட்டறையில் வேலை செய்யும் மேஸ்திரி. மதுரைப் பக்கத்துக்காரர், மாடு பிடித்த தழும்பு இன்னும் விலாவில் இருப்பதாகச் சொல்லிக்கொள்பவர்.

"ஐயா, தப்பா எடுத்துக்காதீங்க. படத்துல பிசகு இருக்குங்க. ஓடியாற மாட்டுக்குக் கொம்புல கை வச்சா, கை இருக்காது. திமிலத்தான் புடிக்கணும். வரைஞ்ச ஆளு மாட்டப் பார்த்ததே இல்லைங்க."

எல்லோரும் சிரித்தார்கள். செயலாளர் அந்தச் சிரிப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். "மற்றப் படத்திலயும் பிழை கிடக்கு. சபை எண்டால் ஆம்பிளையள் முன்னுக்கு. இதில பொம்பிளையளை முன்னுக்கு இருத்தி, ஆம்பிளையளைக் கடுகு தாளிச்ச மாதிரிப் போட்டுக் கிடக்கு. கீறினது ஆர்? சின்னப் பிள்ளையோ?"

என் கணவரை அப்படி நான் அதற்கு முன் பார்த்ததில்லை. சாந்தமான மனிதர் மேசையில் கையை ஊன்றி நிமிர்ந்தார். "இந்தப் படத்தில ஒரு கோடு பிழையில்லை. அங்க அப்பிடித்தான் இருந்தவை. பொம்பிளையள்தான் முன்னுக்கு. நான் சரிபார்த்துக் கையெழுத்து வைச்சிருக்கிறன். சந்தேகமெண்டால் பத்திரிகை இஞ்ச கிடக்கு, பாருங்கோ."

பத்திரிகையை எடுத்து நீட்டினார். செயலாளர் வாங்குவதற்கு மேசையடிக்கு வந்தார்.

அந்தப் பக்கம் திறந்தால் போதும். படம் பொய், கையெழுத்தும் பொய், இப்படிப்பட்ட பத்திரிகையைக் கோயில் படம் மாட்டிய மண்டபத்துக்குக் கொண்டுவந்தவர் என்ற பேரும் சேரும். அதுவும் என்னை விட்டுக்கொடுக்காமல் நின்றதால். நான் தட்டியைத் தள்ளினேன். அது ஆணியோடு கழன்று விழுந்தது. அவ்வளவு சத்தம் போடும் என்று நினைக்கவில்லை. விழுந்த தட்டியின் மேலேயே நடந்து போய் மேசைக்குப் பக்கத்தில் நின்றேன்.

"அதைத் திறக்காதேங்கோ. கீறினது நான்" என்றேன். "கொம்பு சரி. ஆக்கள் இருந்த விதமும் சரி. பிழை ஒண்டே ஒண்டு. சட்டை. அந்தப் பொம்பிளையளுக்குச் சட்டை இல்லை. நான்தான் போட்டு விட்டனான். இவருக்குத் தெரியாது."

செயலாளரின் நீட்டிய கை அந்தரத்தில் நின்றது. என் கணவர் பத்திரிகையைத் தன் பக்கம் திருப்பி, நெஞ்சோடு அணைத்தபடி அந்தப் பக்கத்தை ஒரு விரற்கடை திறந்து பார்த்தார். காது இரண்டும் சிவந்தன. மூடினார்.

"ஓம்" என்றார் சபையைப் பார்த்து. "பிழை என்ர. நான் பாக்காமல் கையெழுத்து வைச்சிட்டன். கீறினது என்ர மனிசி. அவ பாத்துத்தான் கீறியிருக்கிறா."

மேஸ்திரிதான் முதலில் வாயைத் திறந்தார். "சட்டை போட்டது நல்லதுங்க அக்கா. ஆனா அந்தக் கொம்பு விஷயத்தை நான் ஒத்துக்க மாட்டேன்." மண்டபம் சிரித்தது. தட்டி விழுந்த பக்கத்திலிருந்து வந்த சிரிப்புத்தான் பெரிது. செயலாளர் சிரிக்கவில்லை. ஆனால் தன் நாற்காலியை எனக்கு விட்டுவிட்டு எங்கே நிற்பதென்று தெரியாமல் ஜன்னலோரம் போனார். மீதிக் கேள்விகளுக்கு நான் முன்வரிசையில் இருந்தபடி பதில் சொன்னேன். அநேகம் பாவாடையைப் பற்றி.

வீட்டுக்கு வரும் வழியில் அவர் எனக்கு நாலடி முன்னால் வேகமாக நடந்தார். கோபம் என்றே நினைத்தேன். உள்ளே வந்து கோட்டைக்கூடக் கழற்றாமல் சனக்கூட்டப் படத்தை மேசையில் விரித்தார். சிவப்பு மை எடுத்தார். சரிபார்த்தவர் கட்டத்தில் இருந்த தன் எழுத்துகளின் மேல் அளவுகோல் வைத்து ஒரு கோடு இழுத்தார். பிறகு கறுப்பு மையைத் தொட்டு, காலியாக இருந்த வரைந்தவர் கட்டத்துக்கு மேலே பேனாவைப் பிடித்தபடி என்னைப் பார்த்தார்.

"உம்மட முன்னெழுத்து என்ன போட? உங்கட அப்பாவின்ரயோ, என்ரயோ?"

"ஒண்டும் வேண்டாம். பேரை மட்டும் எழுதுங்கோ" என்றேன்.

நேர்கோட்டு எழுத்தில், ஒவ்வொரு எழுத்தாக, முழுப் பெயரையும் எழுதினார். என் பெயரில் வளைவு அதிகம். அவர் நெற்றியில் வியர்த்துவிட்டது. எழுதி முடித்ததும் முதல் தடவையாக அதை வாய்விட்டு வாசித்தார். சரியாக இருக்கிறதா என்று பார்க்கத்தான். நான் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதேன்.

அவர் போய்ப் பல வருஷமாகிவிட்டது. வீட்டுக்கு வந்த பழைய பிளான் துணியெல்லாம் தோய்த்துத் தோய்த்துச் சட்டையாகவும் கைக்குட்டையாகவும் போய்விட்டது. அந்த ஒன்றை மட்டும் நான் இன்றுவரை தண்ணீரில் போடவில்லை.