தண்ணீரில் விழுகிறவரின் பாட்டு

பிளோறன்ஸ் ஜெர்மனியின் ஹனோவரில் ஒரு முதியோர் இல்லத்தில் பராமரிப்பு வேலை செய்கிறவள். மன்னாரிலிருந்து அகதியாக வந்து, அடுத்தவர்களைத் தூக்கித் தூக்கியே இடுப்பு விட்டுப்போனவள். அவள் பார்த்துவந்த லெஸ்லி என்ற ஆங்கிலேயக் கிழவர் ஒரு காலத்தில் லண்டனில் சினிமாக்காரர். அறுபதுகளில் பாட்டும் சிரிப்புமாக வந்த படங்களில் கதாநாயகனின் கூட்டாளி. கிற்றாரோடு வருவார், பாடத் தொடங்குவார், பாதியில் யாராவது தண்ணீருக்குள் தள்ளிவிடுவார்கள். படத்துக்குப் படம் இதே கதைதான். சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும்.

அந்தப் படங்களின் மவுசு குறைந்ததும் ஜெர்மனிக்கு நிகழ்ச்சி செய்ய வந்தவர், இங்கேயே ஒருத்தியைக் கட்டிக்கொண்டு தங்கிவிட்டார். கடைத் திறப்பு விழா, கம்பனி விருந்து, எங்கே போனாலும் அதே பாட்டு, அதே விழுகை. தண்ணீர்த் தொட்டியை மட்டும் அவரே காவிக்கொண்டு போகவேண்டும். முழங்கால் போனது, பிறகு மனைவியும் போனாள். ஒருநாள்கூடத் தன்னை முழுப்பாட்டுப் பாடவிடவில்லை என்று, குளிப்பாட்டும்போதெல்லாம் பிளோறன்ஸிடம் சொல்லுவார். கேட்டுக் கேட்டு அவளுக்கு அலுத்தும் விட்டது, பாவமாகவும் இருந்தது.

மார்கழியில் தமிழ்க் கத்தோலிக்கரின் கிறிஸ்மஸ் ஒளிவிழா வந்தது. அதை நடத்துகிற ராசன் அண்ணையிடம் போய், மனுசன் ஒரேயொரு பாட்டை முழுசாகப் பாடட்டும் என்று கேட்டாள். லண்டன் நடிகர் என்றதும் அண்ணைக்கு வாயெல்லாம் பல்.

“ஓம் தங்கச்சி, கட்டாயம் கூட்டிக்கொண்டு வாங்கோ.”

அங்கேதான் கெட்டது காரியம். பாட வந்தவரைப் பிரதம விருந்தினர் ஆக்கிவிட்டார்கள். மாலை போட்டு, மெழுகுதிரி ஏற்றவைத்தார்கள். வரவேற்புரை, ஆசியுரை, வாழ்த்துரை என்று உரைக்கு மேல் உரை. நம்மவர் கையில் மைக் கிடைத்தால் லேசில் இறங்குமா? பேசியவர்களெல்லாம் ஆளுக்கொரு பொன்னாடை வேறு போர்த்தினார்கள். அத்தனை துணிக்குள்ளும் கிழவர் வியர்த்துக் களைத்துப்போனார். பிள்ளைகளின் நடனங்கள் முடிய, மண்டபத்தைத் திருப்பிக் கொடுக்கிற நேரமும் நெருங்கிவிட்டது. சனம் கொத்துரொட்டிக்கு வரிசையில் நின்றது.

பிளோறன்ஸுக்கு அழுகையே வந்துவிட்டது. “அண்ணை, அந்த மனுசன் பாடத்தானே வந்தவர்.”

அண்ணை தலையைச் சொறிந்துகொண்டு மைக்கைக் கொடுத்தார்.

லெஸ்லி பொன்னாடைகளைக் கழற்றி அவளிடம் தந்துவிட்டுப் பாடினார். குரல் நடுங்கியது, சுருதி விலகவில்லை. வரிசையில் நின்றவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள். திடீரென்று பாதியில் நின்றார். யாரும் தள்ளவில்லை. பின்னால் திரும்பிப் பார்த்தார். அங்கே ஒருவரும் இல்லை. வாயைத் திறந்தார், மூடினார். பாட்டு முடிந்துவிட்டதென்று சனம் கைதட்டியது. அண்ணை ஓடிவந்து இன்னுமொரு பொன்னாடை போர்த்தினார்.

அவளே கார் ஓட்டி அவரைத் திருப்பிக் கூட்டிக்கொண்டு போனாள். மிச்சம் மறந்துவிட்டதா என்று வழியில் பிளோறன்ஸ் ஜெர்மனில் கேட்டாள்.

“மறக்கவில்லை. மிச்சம் என்று ஒன்றே இல்லை, பிளோறன்ஸ்,” என்றார் அவர். “நான் விழுகிற இடம்வரைக்கும்தான் எழுதித் தந்திருக்கிறார்கள். இவ்வளவு காலமும் எனக்கு அது விளங்கவேயில்லை.”

ராசன் அண்ணையை ஏசவென்று அவள் பின்னேரம் முழுக்க வார்த்தைகளை வாய்க்குள் சேர்த்து வைத்திருந்தாள். இப்போது யாரை ஏசுவது? சிவப்பு விளக்கில் கார் நின்றபோது அவருடைய கையைப் பிடித்தாள். விளக்கு மாறி, பின்னால் நின்றவன் ஹோர்ன் அடிக்கும்வரைக்கும் விடவில்லை.